கூன் போக்கர் சிஎஃப்ஆர்: ஆட்ட மதிப்பு சரியா வருது, இரண்டாம் ஆட்டக்காரர் உத்தி மட்டும் தப்பு

கேள்வி:
பைத்தானில் கூன் போக்கருக்கு (இருவர் ஆடும் மிகச் சிறிய போக்கர்) சிஎஃப்ஆர் (திரும்பத் திரும்பத் தன்னோடு தானே ஆடி நல்ல உத்தியைக் கண்டுபிடிக்கும் முறை) எழுதியிருக்கேன். 3 சீட்டு (ஜாக், குயின், கிங்), ஆளுக்கு ஆன்ட்டி (தொடக்கத்தில் கட்டாயம் போடும் தொகை) 1, பெட் 1. சுற்றுக்கு ஒருமுறை சீட்டைக் கலைத்துப் போட்டு 10 லட்சம் சுற்று ஓட்டினால் முதல் ஆட்டக்காரருக்குச் சராசரி மதிப்பு -0.0551. வரவேண்டியது -1/18, அதாவது -0.0556. அது ஓகே. ஆனால் இரண்டாம் ஆட்டக்காரர் குயினோடு பெட்டுக்கு கால் பண்ணுவது (அதே தொகை போட்டுத் தொடர்வது) 1/3 வரணும், எனக்கு 0.42. சுற்றைக் கூட்டினாலும் இறங்கல. முதல் ஆட்டக்காரர் ஜாக்கோடு பெட் வைப்பதும் சீடு (ரேண்டம் எண்களின் தொடக்க எண்) மாத்தினா மாறுது: 0.11, 0.24.

பதில் 1:
ஜாக் மாறுவது பிழையே இல்லை. முதல் ஆட்டக்காரருக்குச் சமநிலை உத்தி (எதிராளி எப்படி ஆடினாலும் சாதகமாக்க முடியாத உத்தி) ஒன்றல்ல. ஜாக் பெட் 0 முதல் 1/3 வரை எதுவாகவும் இருக்கலாம். கிங் பெட் அதைப்போல 3 மடங்கா, செக் பண்ணிய (பெட் வைக்காமல் விட்ட) குயின் பிறகு எதிராளி பெட்டுக்கு கால் பண்ணுவது ஜாக் பெட்டைவிட 1/3 கூடவா என்று மட்டும் பாருங்க. 0.24 வந்த ஓட்டத்தில் கிங் 0.72, குயின் 0.57 பக்கம் இருக்கணும்.

0.42தான் பிழை. சராசரி உத்தியைச் சேர்க்கும் வரியில் எந்த ரீச்சால் (ஒரு கணுவை, அதாவது ஆட்டத்தில் முடிவெடுக்கும் ஓர் இடத்தை, அடைய ஒருவரின் உத்தி தரும் நிகழ்தகவு) பெருக்குறீங்க?

கேட்டவர்:
கிங் 0.71, பொருந்துது. ரெக்ரெட் (வேறு செயலைத் தேர்ந்திருந்தால் கிடைத்திருக்கும் கூடுதல் லாபம்), உத்திக் கூட்டல் இரண்டுக்கும் எதிராளி ரீச்தான்.

பதில் 2:
அங்கேதான் கோளாறு. ரெக்ரெட்டுக்கு எதிராளி ரீச் (சீட்டைக் கலைத்துப் போடுவதால் சீட்டின் நிகழ்தகவு தனியா வேண்டாம்), உத்திக் கூட்டலுக்குச் சொந்த ரீச். ஆட்டத்தின் முதல் கணுவில் இரண்டு ரீச்சும் 1, அதனால் ஜாக், கிங் எண்கள் தப்பித்தன. அடுத்த கணுவில் எதிராளி அதிகம் பெட் வைத்த சுற்றுகளுக்குக் கூடுதல் எடை விழுந்து சராசரி சாய்ந்துவிடும். ஆட்ட மதிப்பை அந்தந்தச் சுற்றின் நடப்பு உத்தியிலிருந்து கூட்டுறீங்க, இந்த வரி அதைத் தொடுவதே இல்லை. மதிப்பு சரியா வந்ததை வைத்து நிம்மதி அடையக்கூடாது.

கேட்டவர்:
மாத்தினேன், 0.335. சிஎஃப்ஆர்+ (சிஎஃப்ஆரின் வேகமான வடிவம்) போட்டா இன்னும் நெருங்குமா?

பதில் 1:
மொத்தமே 12 இன்ஃபோசெட் (தன் சீட்டும் இதுவரை நடந்ததும் மட்டும் தெரிந்து முடிவெடுக்கும் நிலை), இதுக்கு எதுக்கு. அதைவிட சராசரி உத்திக்கு எதிரான பெஸ்ட் ரெஸ்பான்ஸ் (அதற்கு எதிராக மிக அதிக மதிப்பு தரும் உத்தி) எழுதி, இரு பக்கத்து மதிப்பையும் கூட்டி 0-வை நெருங்குதான்னு பாருங்க. எதிராளியின் இரண்டு சாத்தியச் சீட்டுக்கும் எடைபோட்டுக் கூட்டிய பிறகே மேக்ஸ் (அதிகபட்சம்) எடுக்கணும். சீட்டு ஜோடிக்கு ஒன்றாக எடுத்தால் எதிராளி சீட்டைப் பார்த்து ஆடியதாகிவிடும், கூட்டல் 0-க்கு வரவே வராது.