கலைச்சொல் உதவி: கணினியில் வானொலி ஆட்ட வர்ணனை – ஒலிபரப்பா, ஒலியோடையா?

வணக்கம் நண்பர்களே,

அமெரிக்கப் பல்கலைக்கழக அணிகளின் ஆட்டங்களை வானொலி வர்ணனையாகக் கணினியில் கேட்க உதவும் கட்டற்ற செயலி ஒன்றைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். பெரும்பாலான வரிகள் முடிந்துவிட்டன. ‘லைவ் ஸ்ட்ரீம்’, ‘பஃபரிங்’, ‘டிலே’ ஆகியவற்றில்தான் மாட்டிக்கொண்டு நிற்கிறேன். முதலாவதற்கு ‘நேரலை ஒலிபரப்பு’ என்று போட்டிருந்தேன். சரிபார்ப்பவர் அதை ‘வலைவார்ப்பு’ என்று மாற்றச் சொல்கிறார். ‘வெப்காஸ்ட்’டில் உள்ள ‘காஸ்ட்’ என்றால் வார்ப்புதானே என்பது அவர் வாதம். எனக்கு மனசு ஒப்பவில்லை. மூத்தவர்கள் சொல்லுங்கள்.

அன்புடன்,
திருச்சியிலிருந்து

-----

அன்புத் தம்பிக்கு,

> ‘காஸ்ட்’ என்றால் வார்ப்புதானே

இல்லை. கோயம்புத்தூர்க்காரர்களிடம் வார்ப்பு என்று சொல்லிப் பாருங்கள், பவுண்டரிக்கு வழி சொல்வார்கள். ‘ப்ராட்காஸ்ட்’ என்பதில் உள்ள ‘காஸ்ட்’ விதையை அள்ளி வயல் முழுக்க வீசித் தூவுவது. வானொலிக்கு முன்பே அது உழவர் சொல். நம்மவர்கள் ‘பரப்பு’ என்று வைத்தது அதற்கு எவ்வளவு பொருத்தம் பாருங்கள்! கோபுரத்திலிருந்து அலை நாலா பக்கமும் போகிறது. கேட்பவர் பத்துப் பேரோ பத்து லட்சம் பேரோ, நிலையத்துக்கு மின்கட்டணம் ஒன்றுதான்.

என் ஆட்சேபம் ‘வார்ப்பு’ மீது மட்டுமல்ல, ‘ஒலிபரப்பு’ மீதும்தான். கணினியில் நடப்பது விதை தூவுவது அல்ல, நாற்று நடுவது. கேட்பவர் ஒவ்வொருவருக்கும் வழங்கி (சர்வர்) தனி இணைப்புத் திறந்து தனிப் பிரதி அனுப்புகிறது. ஆள் கூடக்கூடச் செலவும் கூடும். ஒரே பிரதியை அனுப்பி வழியில் கிளை பிரித்துக்கொள்ளும் மல்ட்டிகாஸ்ட் முறையும் உண்டு. ஆனால் பொது இணையத்தில் அது எடுபடவில்லை.

நான் இருக்கும் டாலஸ் ஊரிலேயே இதற்கு ஒரு கதை உண்டு. மார்க் கியூபன், டாட் வாக்னர் இருவரும் இண்டியானா பல்கலைக்கழகத்தில் படித்தவர்கள். டாலஸில் உட்கார்ந்துகொண்டு இண்டியானாவின் கூடைப்பந்து ஆட்டத்தை எப்படிக் கேட்பது என்ற ஏக்கத்தில்தான் 1995இல் ஆடியோநெட் என்ற இணைய வானொலி நிறுவன வேலையில் இறங்கினார்கள். 1998இல் பெயரை பிராட்காஸ்ட்.காம் என்று மாற்றினார்கள். 1999இல் யாகூ அதை 570 கோடி டாலர் மதிப்புள்ள பங்குகள் கொடுத்து வாங்கி, சில ஆண்டுகளில் மூடியும்விட்டது. தூவலே நடக்காத தொழிலுக்குத் தூவல் என்று பெயர் வைத்தவர்கள் அவர்கள். நாமும் அதே வழியில் போகவேண்டிய கட்டாயம் இல்லை.

வேறுபாடு சொல்லில் மட்டும் இல்லை, சட்டத்திலும் காசிலும் இருக்கிறது. 2001 ஏப்ரலில் அமெரிக்காவில் பல வானொலி நிலையங்கள் இணையத்தில் தருவதைத் திடீரென்று நிறுத்தின. விளம்பரங்களுக்குக் குரல் கொடுத்த கலைஞர்களுக்கு இணையத்துக்கென்று தனிக்கூலி தரவேண்டும் என்பது ஒரு முக்கியக் காரணம். கோபுரம் வழியாக அதே விளம்பரம் அதே நேரத்தில் போய்க்கொண்டுதான் இருந்தது. ஆக, ஒன்றை நிறுத்தி மற்றதை ஓட்ட முடிகிறது. இரண்டுக்கும் ஒரே சொல் என்றால் அந்தச் செய்தியைத் தமிழில் எப்படி எழுதுவீர்கள்?

வானொலி வர்ணனையை எதற்காகக் கேட்கிறார்கள் என்பதையும் சொல்லிவிடுகிறேன். சொல் அதற்கும் பொருந்தவேண்டும். தொலைக்காட்சி வர்ணனையாளர் இரண்டு அணிக்கும் பொதுவானவர். வானொலியில் இருப்பவர் நம்ம அணியின் ஆள். ஜார்ஜியா பல்கலைக்கழகத்தின் அமெரிக்கக் கால்பந்து அணிக்கு (பந்தைக் கையில் ஏந்தி ஓடும் ஆட்டம்) லேரி மன்சன் 1966 முதல் 2008 வரை குரல் கொடுத்தார். 1980இல் புளோரிடாவுக்கு எதிராக, தோல்வி உறுதி என்று இருந்த கடைசி நிமிடங்களில், லிண்ட்சே ஸ்காட் பந்தோடு எதிரணியின் எல்லைக்கோடு வரை ஓடி 93 கெஜ ஆட்டத்தை முடித்தபோது மன்சன் “ஓடு லிண்ட்சே!” என்று கத்தினார். அதில் நடுநிலை கிடையாது. அதனால்தான் அந்த ஊர்க்காரர்கள் இன்றும் அதைப் போட்டுக் கேட்கிறார்கள். படக்காட்சியை ஊமையாக்கிவிட்டு வானொலிச் சத்தத்தை வைத்துக்கொள்வது அங்கே பழைய வழக்கம்.

பண்பலை கோபுரத்தைச் சுற்றிச் சில பத்து மைல்தான் எட்டும். மத்திய அலை இரவில் வானின் மேலடுக்கான அயனிமண்டலத்தில் பட்டுத் திரும்பி நூற்றுக்கணக்கான மைல் போகும். செயிண்ட் லூயிஸின் கேஎம்ஓஎக்ஸ், நியூ ஆர்லியன்ஸின் டபிள்யூடபிள்யூஎல் போன்ற 50,000 வாட் நிலையங்களை அப்படித்தான் தொலைவில் பிடிப்பார்கள். ஆனால் அமெரிக்கக் கால்பந்து ஆட்டங்கள் பல சனிக்கிழமைப் பகலில். அப்போது அந்த வித்தை பலிக்காது. படித்துவிட்டு வேறு மாநிலம் போனவர்களுக்குக் கணினி வந்த பிறகுதான் விடிவு. வானொலியை இணையத்துக்குக் கொண்டுவந்ததிலும் பல்கலைக்கழகங்கள்தான் முன்னால் நின்றன. வட கரோலினாவின் சாப்பல் ஹில்லில் உள்ள மாணவர் வானொலி டபிள்யூஎக்ஸ்ஒய்சி 1994 நவம்பர் 7 அன்றே தன் ஒலியை இணையத்திலும் விட்டது.

இனி ‘ஸ்ட்ரீம்’ என்பதற்கான சொல். ‘தாரை’ என்று ஒரு நண்பர் முன்பு பரிந்துரைத்திருந்தார். அழகான சொல்தான், ஆனால் ‘ஒலித்தாரை’ என்றால் ‘தாரை தப்பட்டை’ நினைவுக்கு வரும். பேண்டு வாத்தியக் குழு இல்லாத பல்கலைக்கழக ஆட்டமே அங்கே கிடையாது என்பதால் குழப்பம் இரட்டிப்பாகும். ‘தாரை வார்த்தான்’ என்றால் இருந்ததை இழந்தான் என்று பொருள் வேறு. (ஒலி உரிமையை விற்றுப் பிழைக்கும் நிறுவனங்கள் அதைக் கேட்டால் நெஞ்சைப் பிடித்துக்கொள்ளும்.) என் பரிந்துரை ‘ஒலியோடை’. வினைக்கு ‘ஓடவிடு’ போதும், ‘ஓடையாக்கம் செய்’ என்று நீட்டி முழக்க வேண்டாம். ‘பஃபர்’ என்பதற்கு ‘இடையகம்’ ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கிறது. ஆனால் பயனர் திரையில் ‘இடையகம் நிரம்புகிறது’ என்று போட்டால் யாருக்கும் ஒன்றும் விளங்காது. ‘ஒலி சேர்கிறது…’ போதும்.

‘நேரலை’க்கு வருகிறேன். இன்றைய ஓடை முறையில் ஒலியைச் சில வினாடித் துண்டுகளாக வெட்டித்தான் அனுப்புகிறார்கள். ஆப்பிள் 2009இல் கொண்டுவந்த முறையில் ஆரம்பத்தில் பத்து வினாடித் துண்டு, பிறகு ஆறு வினாடி. செயலி இரண்டு மூன்று துண்டுகளைக் கையில் வைத்துக்கொண்டுதான் பாட ஆரம்பிக்கும். அரை நிமிடம் அப்படியே போய்விடும். காதில் இன்னும் ஆட்டக்காரர் ஓடிக்கொண்டே இருப்பார், கைபேசியில் “டச்டவுன்” (பந்து எல்லைக்கோட்டைத் தாண்டிப் புள்ளி கிடைத்துவிட்டது) என்று அறிவிப்பு வந்து விழும். நேரும் இல்லை, அலையும் இல்லை, எப்படி ‘நேரலை’?

இன்னொன்று: ‘கல்லூரி விளையாட்டு’ என்று எழுதாதீர்கள். நம் ஆட்கள் மாவட்ட அளவிலான கபடிப் போட்டியை நினைத்துக்கொள்வார்கள். மிச்சிகன் பல்கலைக்கழக அரங்கில் மட்டும் ஒரு லட்சத்துக்கு மேல் இருக்கைகள். ‘பல்கலைக்கழக அணிகள்’ என்று போடுங்கள்.

அன்புடன்,
டாலஸிலிருந்து

-----

வணக்கம்.

ஒலியோடை எனக்கும் பிடித்திருக்கிறது. ‘டிலே’ பற்றி யாரும் சொல்லவில்லையே. தாமதம் என்றால் நேரஅட்டவணைப்படி வராத ரயில். இங்கே ஆட்டம் சரியான நேரத்துக்குத்தான் தொடங்கியது, எங்கள் காதுக்கு வருவதுதான் பிந்துகிறது. யாழ்ப்பாணத்தில் ‘பஸ் சுணங்கிப் போச்சு’ என்று தினமும் சொல்லுவோம், ஆனால் தமிழ்நாட்டுப் பத்திரிகைகளில் ‘சுணக்கம்’ என்றால் மெத்தனம் என்ற வாடை அடிக்கிறது. ‘பிந்தல்’ இரு கரைக்கும் பொதுவாக இருக்கும் என்று நினைக்கிறேன். ‘ஒலி 32 வினாடி பிந்துகிறது’ என்று வினையாகவும் வரும்.

முன்பு காற்றலை வானொலி தொலைக்காட்சிக்கு முந்தி வந்தது. அதைப் பிடித்துவைத்துப் பிந்த வைக்கவே தனி வானொலிப் பெட்டிகள் விற்றார்கள். இப்போது ஓடை தொலைக்காட்சிக்கும் பிந்துகிறது, படத்தைத்தான் நிறுத்திவைக்க வேண்டியிருக்கிறது. செயலியால் ஒலியை இன்னும் பிந்த வைக்க முடியுமே தவிர முந்த வைக்க முடியாது. எனவே பிந்தலை மாற்றும் நகர்த்தியின் (ஸ்லைடர்) பெயர் ‘ஒலி நேரம்’ என்று பொதுவாக இருக்கக் கூடாது, ‘பிந்தலைக் கூட்டு’ என்றே இருக்கட்டும்.

நன்றி.
யாழ்ப்பாணத்திலிருந்து

-----

டாலஸ் ஐயாவுக்கு வணக்கம். பவுண்டரிக்காரன் என்ற முறையில் வார்ப்பு பற்றிச் சொன்னதை வழிமொழிகிறேன்.

ஆனால் ‘நேரலை’யை விட்டுக்கொடுக்க மாட்டேன். அதில் அலை இருக்கிறதா என்று எந்தப் பயனரும் பிரித்துப் பார்ப்பதில்லை. சேப்பாக்கம் டெஸ்ட்டுக்கு அகில இந்திய வானொலியில் அப்துல் ஜப்பார் தமிழில் சொன்னதை ‘நேர்முக வர்ணனை’ என்றுதான் கேட்டு வளர்ந்தோம். அப்புறம் தொலைக்காட்சிக்காரர்கள் ‘நேரலை’ என்று கொண்டுவந்தார்கள், யூடியூப் அதை வீட்டுக்கு வீடு சேர்த்துவிட்டது. ‘இப்போது நடப்பது, பதிவு அல்ல’ என்பதுதான் அதன் பொருள். முப்பது வினாடி பிந்தினாலும் பதிவு ஆகிவிடாது. சிவப்புப் பொத்தானில் ஒலியோடை என்று எழுதினால் எவனும் அழுத்த மாட்டான். உதவிப் பக்கத்தில் என்ன வேண்டுமானாலும் எழுதிக்கொள்ளுங்கள்.

கோவையிலிருந்து

-----

> சிவப்புப் பொத்தானில் ஒலியோடை என்று எழுதினால் எவனும் அழுத்த மாட்டான்

ஒப்புக்கொள்கிறேன். பொத்தான் உங்களுக்கு, உதவிப் பக்கம் எனக்கு. ஆனால் ‘நேரலை ஒலிபரப்பு’ என்று இரண்டையும் ஒட்டவைப்பது மட்டும் வேண்டாம்.

டாலஸிலிருந்து

-----

அனைவருக்கும் நன்றி. இப்படி ஏற்றியிருக்கிறேன்: பொத்தான் ‘நேரலை’, அமைப்புப் பக்கத்தில் ‘ஒலியோடையின் தரம்’, காத்திருக்கும்போது ‘ஒலி சேர்கிறது…’, நகர்த்திக்கு ‘பிந்தலைக் கூட்டு’, பக்கத்தில் வினாடி எண். ‘பல்கலைக்கழக அணிகள்’ பட்டியில் இடம் கொள்ளவில்லை, ‘பல்கலை அணிகள்’ என்று சுருக்கியிருக்கிறேன். யாழ்ப்பாணத்து ஐயா, உங்கள் பக்கம் ‘பல்கலை’ வழக்கில் உண்டா?

மிச்சம் ஒரு வரி இருக்கிறது. சில நிலையங்களுக்குக் கோபுரத்தில் ஆட்டத்தைத் தர உரிமை உண்டு, இணையத்தில் தர இல்லை. ஆட்டம் தொடங்கியதும் அவர்களுடைய ஓடையில் மட்டும் வேறு ஏதோ பேச்சு நிகழ்ச்சி ஓடும். கேட்பவர் செயலி கெட்டுவிட்டது என்று நினைத்துக்கொள்கிறார். அப்போது காட்டவேண்டிய செய்திக்கு ‘இந்த நிலையம் இந்த ஆட்டத்தை ஒலிபரப்புகிறது, ஓடவிடவில்லை’ என்று எழுதியிருக்கிறேன். முதல்முறை பார்ப்பவருக்குப் புரியுமா? வியாழனுக்குள் சொன்னால் சனிக்கிழமை ஆட்டங்களுக்கு முன்னால் புதிய பதிப்பில் சேர்த்துவிடலாம்.

திருச்சியிலிருந்து