அயல்நாட்டில் பழகிய பதின்ம வயதுப் பிள்ளைகள்: உங்கள் அனுபவம்?

நடைவண்டி:
ஜெர்மனியில் நான் இருக்கும் வீட்டில், மூன்று வருடத்துக்கு முன் ஒரு ஜனவரியில் ஹீட்டர் நின்றுபோனது. சரிபார்க்க இரண்டு பேர் வந்தார்கள். ஒருவருக்கு ஐம்பது வயதிருக்கும். இன்னொருவன் மீசை அரும்பாத பையன். பெரியவர் வேலையைத் தொடங்குவார் என்று பார்த்தால், கையைக் கட்டிக்கொண்டு சுவரில் சாய்ந்துவிட்டார். பையன்தான் மூடியைக் கழற்றினான், டார்ச் அடித்துப் பார்த்தான், ஒரு திருகைத் தப்பாகத் திருப்பினான். பெரியவர் தொண்டையைச் செருமினார். அவ்வளவுதான். அவன் சரியாகத் திருப்பினான். முக்கால் மணி நேரத்தில் வீடு சூடேறியது. என்ன கோளாறு, எதை மாற்றினேன் என்று எனக்கு விளக்கியவனும் அவனே.

வயது கேட்டேன். 17. வாரத்தில் மூன்று, நான்கு நாள் கம்பெனியில் வேலை, மீதி நாள் தொழிற்பள்ளியில் பாடம். இதை ஆஸ்பில்டுங் என்கிறார்கள். அவன் தொழிலுக்கு மூன்றரை வருடம். மாதாமாதம் சம்பளமும் உண்டு. வாராவாரம் என்ன கற்றான் என்று ஒரு நோட்டில் எழுதி, பெரியவரிடம் கையெழுத்து வாங்க வேண்டுமாம். அந்த வாரத்துப் பக்கத்தில் என் வீட்டு ஹீட்டரும் ஏறியிருக்கும்.

அந்த வயதில் என்னை நம்பி யாரும் ஒரு ஸ்க்ரூடிரைவரைக்கூடக் கையில் கொடுத்ததில்லை. நீங்கள் இருந்த நாடுகளில் இந்த வயசுப் பிள்ளைகளோடு பழகியிருந்தால் எழுதுங்களேன். சுற்றுலாவில் பார்த்தது வேண்டாம்.

மழைக்கோட்டு:
சியோலில் எங்கள் எதிர்வீட்டுப் பெண்ணை நான் லிஃப்டில் மட்டும்தான் பார்ப்பேன், அதுவும் இரவு பத்தரைக்கு மேல். பள்ளி முடிந்து, ஹாக்வோன் என்கிற டியூஷன் மையமும் முடிந்து வருகிற நேரம். பத்து மணிக்கு மேல் ஹாக்வோன் நடத்தக் கூடாது என்று அந்த நகரத்தில் விதியே இருக்கிறது. விதி போட்டுத் தடுக்க வேண்டிய நிலைமை என்றால் பார்த்துக்கொள்ளுங்கள். லிஃப்ட் ஏழாம் மாடி ஏறுவதற்குள் நின்றபடியே கண் அயர்ந்துவிடுவாள்.

நவம்பரில் ஒரு வியாழக்கிழமை, பத்து மணிக்கு வந்தால் போதும் என்றார்கள் அலுவலகத்தில். அன்று சுனுங், பல்கலைக்கழக நுழைவுத் தேர்வு. பிள்ளைகள் நெரிசலில் மாட்டிக்கொள்ளக் கூடாதென்று ஊரே தாமதமாக வேலைக்குப் போகிறது. பங்குச்சந்தைகூட ஒரு மணி நேரம் தள்ளித் திறக்கிறது. மதியம் ஆங்கிலத்தைக் காதால் கேட்டு விடை எழுதும் 35 நிமிடம், விமானம் ஏறுவதும் இல்லை, இறங்குவதும் இல்லை. நேரமாகிப்போன ஒரு பையனைப் போலீஸ்காரர் பைக்கில் ஏற்றிக்கொண்டு பறந்ததை நானே பார்த்தேன்.

முதல் நாள் இரவு அவளுக்கு 'யொத்' என்ற ஒட்டும் மிட்டாய் வாங்கிக் கொடுத்தேன். கொரிய மொழியில் ஒட்டுவதற்கும் தேர்ச்சி பெறுவதற்கும் ஒரே சொல். அவள் வீட்டில் ஏற்கெனவே பதினொரு டப்பா இருந்ததாம்!

ஒரு வாரம் கழித்து மாலை ஐந்து மணிக்கே லிஃப்டில் வந்தாள். முடிக்குச் சாயம், கை நிறையக் கடைப் பைகள். தேர்வு நுழைவுச்சீட்டைக் காட்டினால் கடைகளில் தள்ளுபடி என்றாள். எப்படி எழுதினாய் என்று கேட்க வாயெடுத்தேன். நல்லவேளை, கேட்கவில்லை.

கோடைத்தும்பி:
என்னுடையது சின்னது. மெக்சிகோவில் கூட வேலை பார்த்தவரின் மகளுக்கு 15 வயது நிறைந்த விழா. கின்சியான்யேரா என்பார்கள். தேவாலயம் முடிந்து, இரவு விருந்துக் கூடத்தின் நடுவே நாற்காலி போட்டு மகளை உட்கார வைத்தார். மண்டியிட்டு, அவள் போட்டிருந்த தட்டையான செருப்பைக் கழற்றி, ஹை ஹீல்ஸ் மாட்டிவிட வேண்டும். இனி அவள் சிறுமி இல்லை என்று அர்த்தம். மனிதருக்கு மூக்குக் கண்ணாடி இல்லாமல் வாரின் துளை தெரியவில்லை. தடவித் தடவிப் பார்த்தார். கடைசியில் அவளே குனிந்து மாட்டிக்கொண்டாள். எல்லாரும் கைதட்டினார்கள். அப்புறம் இருவரும் வால்ட்ஸ் ஆடினார்கள்.

கல்மண்டபம்:
ஜப்பானில் என் மகன் 13 வயதில் டென்னிஸ் கிளப்பில் சேர்ந்தான். புகாட்சு என்கிற இந்தப் பள்ளிக் கிளப்பைப் பொழுதுபோக்கு என்று நினைத்து ஏமாறாதீர்கள். பள்ளி முடிந்து மாலையெல்லாம் அதுதான், சனிக்கிழமையும் விடாது. முதல் மூன்று மாதம் இவன் பந்து பொறுக்கினான், தரையைச் சமன் செய்தான், வலை கட்டினான். மட்டையைப் பிடித்தது கொஞ்சம்தான். இவனைவிட ஒரே ஒரு வயது மூத்தவன் எதிரே வந்தால் நின்று குனிந்து வணக்கம் சொல்ல வேண்டும். 'சென்பாய்' என்றுதான் கூப்பிட வேண்டும். எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. பள்ளியில் போய்க் கேட்கிறேன் என்றேன். "அப்பா, என் மானத்த வாங்காதீங்க" என்று அவன்தான் தடுத்தான்.

அடுத்த ஏப்ரலில் புதுப் பிள்ளைகள் வந்தார்கள். ஒருநாள் வேலி ஓரமாக நின்று பார்த்தேன். ஒரு பொடியன் வலைக்கயிற்றோடு போராடிக்கொண்டிருந்தான். என் மகன் கிட்டே போனான். உதவப் போகிறான் என்று நினைத்தேன். இடுப்பில் கை வைத்து நின்று, முடிச்சை அவிழ்த்து மறுபடி கட்டச் சொன்னான். பொடியன் தலை குனிந்து கட்டினான். என் மகனின் அந்தத் தோரணை எனக்குப் பிடிக்கவே இல்லை. வீட்டில் கேட்டால், "எனக்கும் அப்படித்தானே சொல்லிக்கொடுத்தாங்க" என்கிறான்.

(வகுப்பறையைப் பிள்ளைகளே கூட்டித் துடைப்பதைப் பற்றிப் பலரும் வியந்து எழுதிவிட்டார்கள். இவனும் பள்ளியில் துடைத்தான். வீட்டில் ஒருநாள் ஒரு தட்டைக் கழுவியதில்லை.)

பனிக்காடு:
நடைவண்டி, உங்கள் ஹீட்டர் கதையின் முன்பாதியை நான் சொல்கிறேன். ஜெர்மனியில் பெரும்பாலான மாநிலங்களில் நாலாம் வகுப்போடு, 10 வயதில், பிள்ளைகளைப் பிரித்துவிடுகிறார்கள். கிம்னாசியம் என்றால் பல்கலைக்கழகப் பாதை. மற்ற பள்ளிகள் என்றால் பெரும்பாலும் தொழிற்பயிற்சி. என் மகள் ஜெர்மன் பேசத் தொடங்கி ஒன்றரை வருடம்தான் ஆகியிருந்தது. கிம்னாசியம் இப்போதைக்கு வேண்டாம் என்று ஆசிரியை பரிவோடுதான் சொன்னார். அன்று சாயங்காலம் அவள் தோழி வாசலில் நின்று, "அப்போ நீ எங்களோடு வர மாட்டியா?" என்று கேட்டாள். பிற்பாடு மாறிக்கொள்ள வழி உண்டு, என் மகளும் மாறிவிட்டாள். ஆனால் இரண்டு வருடம் அந்தத் தோழி வீட்டுப் பக்கமே போகவில்லை. அந்தப் பையன் விரும்பித்தான் இந்த வேலைக்கு வந்தானா? கேட்டீர்களா?

நடைவண்டி:
அப்போது கேட்கவில்லை. நேற்று வருடாந்தர சர்வீசுக்கு அவனே வந்தான், தனியாக. கேட்டேன். "நாலாம் வகுப்பில் எனக்கு என்ன தெரியும்? அம்மா அழுதது மட்டும் ஞாபகம் இருக்கிறது" என்றான். பிறகு, மைஸ்டர் தேர்வுக்கு, அதாவது தொழிலில் தேர்ந்தவர் என்ற பட்டத்துக்கு, படிக்கப் போவதாகச் சொன்னான். அதை முடித்தால் பல்கலைக்கழகத்திலும் சேரலாமாம். "ஆனால் எதற்கு?" என்று சிரித்தான்.

தரையில் சொட்டிய தண்ணீரைத் துடைத்துவிட்டு, வேலை முடிந்த சீட்டை நீட்டினான். இந்த முறை கையெழுத்துப் போட்டது நான்.