தாத்தா வந்த கப்பல் ரஜூலாவா, ரோனாவா?

சிப்புட்காரன்:
வணக்கம். மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம் எங்கள் தோட்டத்து லயத்தை (தொழிலாளர் வரிசை வீடுகளை) உடைக்கப் போகிறார்கள், அதனால் பாட்டியின் சாமான்களை டவுன் வீட்டுக்கு மாற்றிக்கொண்டிருந்தோம், அப்போதுதான் தாத்தாவின் தகரப் பெட்டி கிடைத்தது. மூடியில் வெள்ளைச் சாயத்தில் தாத்தா பேர், அதன் கீழே பினாங்கு, அதற்கும் கீழே பாதி உரிந்துபோய் 'ரோ' மாதிரி ஓர் எழுத்து. தாத்தா ரோனாவில் வந்தார் என்கிறார் பாட்டி. அப்பாவோ, நம் ஆட்கள் எல்லாரும் ரஜூலாவில்தான் வந்தார்கள், அம்மாவுக்கு ஞாபகம் தப்பிவிட்டது என்கிறார். வருடம் 1936 அல்லது 37. ரோனா என்று ஒரு கப்பல் உண்மையிலேயே ஓடியதா?

கிள்ளான் வாசி:
ஓடியது தம்பி, பாட்டி சொல்வதை நம்புங்கள். ரஜூலாவும் ரோனாவும் அக்கா தங்கை மாதிரி, இரண்டும் பிரிட்டிஷ் இந்தியா கப்பல் கம்பெனிக்காக 1926-இல் கட்டியவை. சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, சிங்கப்பூர் என்று போய் வரும். ரஜூலாவில் அறை இல்லாத தளப் பயணிகளாக மட்டும் 5,000 பேருக்கு மேல் ஏற்ற அனுமதி இருந்தது என்றால் நெரிசலை யோசித்துப் பாருங்கள். வருடமும் பொருந்துகிறது, ஏனென்றால் 1938-இல் தோட்ட வேலைக்கு ஆள் அனுப்புவதை இந்திய அரசு நிறுத்திவிட்டது.

ரோனாவை நம் ஆட்கள் மறந்ததற்குக் காரணம் உண்டு. போரில் அதைப் படை ஏற்ற எடுத்துக்கொண்டார்கள். 26.11.1943 அன்று அமெரிக்கச் சிப்பாய்களோடு இந்தியாவை நோக்கி காவலோடு போகும் கப்பல் கூட்டம் ஒன்றில் போகும்போது, அல்ஜீரியாவுக்கு அப்பால் ஜெர்மன் விமானம் ரேடியோவால் திசை திருப்பும் குண்டை விட்டது. 1,015 அமெரிக்கர்கள் இறந்தார்கள். கப்பலில் வேலை செய்த மாலுமிகள் பெரும்பாலும் இந்தியர்கள், அவர்களிலும் நூறு பேருக்கு மேல் போய்விட்டார்கள், அவர்களைப் பற்றி யாரும் பேசுவதில்லை என்பதுதான் எனக்கு ஆறவே மாட்டாத வருத்தம். புது ஆயுதம் என்பதால் விஷயத்தையே பல வருடம் மூடி வைத்தார்கள். ரஜூலா தப்பி 1970-கள் வரை ஓடியது, அதனால் அந்தப் பேர் மட்டும் நம் வாயில் நின்றது.

பினாங்கு அக்கா:
நான் 1967-இல் அம்மாவோடு ரஜூலாவில் போனேன், அப்போது எனக்கு ஒன்பது வயது. கப்பலில் ஏறியதும் அம்மா ஓடிப்போய்ப் பாயை விரித்து, நாலு மூலையிலும் சாமானை வைத்தார், இல்லாவிட்டால் இடம் போய்விடும். வாந்தியும் எலுமிச்சை ஊறுகாயும் கலந்த அந்த வாடை இன்னும் மூக்கில் இருக்கிறது. நாகப்பட்டினத்தில் கப்பல் கரைக்கு வராது, கடலிலேயே நிற்கும். படகு அலையில் மேலே எழும்பும் நேரம் பார்த்து, ஒரு படகுக்காரர் என்னை இடுப்போடு பிடித்து இறக்கினார். உங்கள் தாத்தா அதே மாதிரி ஏறித்தான் வந்திருப்பார்.

சிப்புட்காரன்:
ரொம்ப நன்றி அண்ணா, அக்கா. பாட்டிக்கு முழுவதும் படித்துக் காட்டினேன். மாலுமிகள் பற்றி வந்த இடத்தை மட்டும் இன்னொரு தடவை படிக்கச் சொன்னார். அப்பா பெட்டிக்கு அடிக்க வாங்கி வைத்திருந்த சாய டின்னைச் சாயங்காலமே கடையில் திருப்பிக் கொடுத்துவிட்டார்.