கவின் வீட்டு லோன்: "தண்ணீர்மலை பெரிய வீடு" குழுவில் ஒரு ஞாயிறு

ராஜி, காலை 8:14
எல்லாரும் பசியாறியாச்சா? ஒரு நல்ல செய்தி. கவினுக்கு வீட்டு லோன் கிடைத்துவிட்டது. பினாங்கு ஜெலுத்தோங்கில் போன மாசம் போய்ப் பார்த்தோமே, அந்த 11-ஆவது மாடி வீடுதான்.

லலிதா அத்தை, 8:16
முருகா! சாயங்காலம் தண்ணீர்மலைக் கோயிலில் அவன் பேருக்கு ஒரு அர்ச்சனை போட்டுவிடுகிறேன்.

மணியம் மாமா, 8:20
சபாஷ் மருமகனே. எத்தனை வருஷம்?

கவின், 8:31
நன்றி அத்தை, மாமா. வீட்டு விலை 5 லட்சம். 10 விழுக்காடு என் கைக்காசு, மிச்சம் 450,000 வெள்ளி (ரிங்கிட்) பேங்க் தருகிறது. 35 வருஷம், 4.2 விழுக்காடு வட்டி. மாசத் தவணை 2,047. இப்போது வாடகைக்கே 1,500 கொடுக்கிறேன். இன்னும் 547 போட்டால் சொந்த வீடு.

சேகர் சித்தப்பா, 8:40
வாழ்த்துகள்டா. அந்த 547 கணக்கு நீயே போட்டதா, பேங்க் ஆள் போட்டுக் கொடுத்ததா?

கவின், 8:41
அவர்தான் சொன்னார் சித்தப்பா.

சேகர் சித்தப்பா, 8:43
நினைத்தேன். நானும் 19 வருஷம் அந்த நாற்காலியில் உட்கார்ந்து அதையேதான் சொல்லிக்கொண்டிருந்தேன். 420 மாசமும் கட்டி முடித்தால் மொத்தம் எவ்வளவு என்று கேட்டாயா?

தர்ஷினி, 8:44
அவன் கேட்டிருக்க மாட்டான். 2,047 × 420 = 859,740.

ராஜி, 8:45
என்ன?

ராஜி, 8:45
ஒரு வீடுதானே வாங்குகிறான்?

கவின், 8:52
அம்மா, 35 வருஷத்துக்கு அப்படித்தான் வரும். ஆனால் நானும் இப்போதுதான் பார்க்கிறேன். வட்டி மட்டும் 4 லட்சத்துக்கு மேலே போகிறது. 4.2 என்பது சின்ன எண்ணாகத்தானே தெரிந்தது.

மணியம் மாமா, 8:55
காடி (கார்) லோன் மாதிரி நினைத்துவிட்டாயா? என் காலத்தில் காடிக்கு முதல் நாளே மொத்த வட்டியையும் கணக்குப் போட்டுத் தவணையில் ஏற்றிவிடுவார்கள். வீடு வேறு.

சேகர் சித்தப்பா, 9:07
ஆமாம் அத்தான். வீட்டுக்கு, மிச்சம் இருக்கிற அசலுக்கு மட்டும்தான் வட்டி, அதுவும் நாள் கணக்கில். அதனால்தான் ஆரம்ப வருஷங்கள் மோசம். கவின், முதல் மாசத்தை மட்டும் எடுத்துக்கொள். 450,000-க்கு 4.2 விழுக்காடு, அதை 12-ஆல் வகுத்தால் 1,575 வெள்ளி. அது வட்டி. நீ கட்டுவது 2,047. மிச்சம் 472 வெள்ளிதான் உன் கடனைக் குறைக்கும்.

அடுத்த மாசம் அசல் 472 குறைந்திருப்பதால் வட்டி ஒரு வெள்ளி அறுபத்தைந்து காசு குறையும். இப்படி ஆமை வேகத்தில் நகர்ந்து, தவணையில் பாதியாவது அசலுக்குப் போக எத்தனை வருஷம் ஆகும் தெரியுமா? பதினெட்டரை வருஷம்.

தர்ஷினி, 9:10
எனக்கு இப்போதே மயக்கம் வருகிறது.

சேகர் சித்தப்பா, 9:12
இன்னும் ஒன்று. அஞ்சு வருஷம் ஒரு மாசம் கூடத் தவறாமல் கட்டினால் 122,800 வெள்ளி உன் கையை விட்டுப் போயிருக்கும். கடன் இன்னும் 418,500 இருக்கும். 'அஞ்சு வருஷத்தில் விற்றுவிட்டுப் பெரிய வீட்டுக்குப் போய்விடலாம்' என்று யாராவது சொன்னால் இந்த இரண்டு எண்ணையும் அவரிடம் காட்டு.

பாட்டி, 9:15
(குரல் பதிவு, 0:41)

தர்ஷினி, 9:17
பாட்டி பால் காய்ச்ச எந்த நாள் என்று கேட்கிறார். அப்புறம் சமையல்கட்டு எந்தப் பக்கம் பார்த்து இருக்கிறதாம்.

கவின், 9:18
அக்கா, நீயே பதில் சொல்லு. நான் 409,740-ஐயே பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

லலிதா அத்தை, 9:26
அந்த 4.2-ம் அப்படியே நிற்காது கண்ணு. எங்களுக்கு 2022-இல் ஒரு கடிதம் வந்தது, கொஞ்ச நாளில் இன்னொன்று, அப்புறம் இன்னொன்று. ஒவ்வொன்றிலும் தவணை ஏறியிருந்தது. மாமா ஒரு கட்டத்தில் உறையைப் பிரிக்காமலேயே குளிர்ப்பெட்டி மேலே வைத்துவிட்டார்.

சேகர் சித்தப்பா, 9:34
அக்கா சொல்வது சரி. பேங்க் நெகாரா, அதாவது நம் மத்திய வங்கி, ஓபிஆர் என்ற அடிப்படை வட்டி விகிதத்தைத் தொட்டால் உன் தவணையும் ஆடும். 2020 ஜூலையில் அது 1.75 ஆக இருந்தது. 2022 மே முதல் 2023 மே வரை அஞ்சு தடவை ஏற்றி 3.00-க்குக் கொண்டுபோனார்கள். 2025 ஜூலையில்தான் 2.75 ஆகக் குறைத்தார்கள். உன் லெட்டரில் 'எஸ்பிஆர் கூட்டல் 1.45' என்று இருக்கும், பார். எஸ்பிஆர் என்பது ஓபிஆரோடு அப்படியே ஏறி இறங்கும் கடன் வட்டி அளவுகோல். 2022 ஆகஸ்டிலிருந்து புது வீட்டு லோன் எல்லாம் இந்தக் கணக்கில்தான்.

கவின், 9:37
ஆமாம், 1.45 என்றுதான் இருக்கிறது. 2.75 + 1.45 = 4.20. அந்த 2022 மாதிரி மறுபடி அஞ்சு தடவை ஏறினால்?

தர்ஷினி, 9:41
எக்ஸலில் போட்டேன். 5.45 விழுக்காடு ஆகும். தவணை 2,402. மாசம் 355 வெள்ளி கூட.

ராஜி, 9:42
கவின், நீ அந்த வெளியூர் பைக் பயணத்தை எல்லாம் கொஞ்சம் ஒத்திப் போடு.

லலிதா அத்தை, 9:48
பேசாமல் 30 வருஷமாக மாற்றச் சொல்லு. கையில் காசு இருந்தால் செலவாகிவிடும். பேங்கே பிடித்துக்கொண்டால்தான் நல்லது.

தர்ஷினி, 9:51
30 வருஷம் என்றால் தவணை 2,201. மாசம் 154 கூட. மொத்தத்தில் 67,000 வெள்ளிக்கு மேல் மிச்சம்.

சேகர் சித்தப்பா, 9:58
எனக்கு 35-ஏ இருக்கட்டும் என்றுதான் தோன்றுகிறது. வேலை போனால், குழந்தை பிறந்தால், தவணை சின்னதாக இருப்பது நல்லது. ஆனால் 2,047-க்குப் பதில் மாசம் 300 சேர்த்து 2,347 கட்டு. இருபத்தாறரை வருஷத்தில் முடிந்துவிடும். வட்டியில் 112,000 வெள்ளிக்கு மேல் மிச்சம். கஷ்டமான மாசத்தில் அந்த 300-ஐ நிறுத்திக்கொள்ளலாம், 30 வருஷ லோனில் அப்படி நிறுத்த முடியாது.

மணியம் மாமா, 10:04
நில்லுங்கள் மச்சான். அந்த 300 விஷயத்தில்தான் நான் கையைச் சுட்டுக்கொண்டேன்.

மணியம் மாமா, 10:19
பட்டர்வொர்த் வீட்டுக்கு நானும் அதே மாதிரி மாசம் 300 சேர்த்துக் கட்டினேன். தவணை 1,800, நான் அனுப்பியது 2,100. நாலு வருஷம். ரசீதை எல்லாம் மாச வாரியாக ஒரு நீல நிற பிளாஸ்டிக் ஃபைலில் போட்டு வைத்திருந்தேன். ஒரு நாள் கடன் எவ்வளவு குறைந்திருக்கிறது என்று பார்க்க கவுண்டருக்குப் போனேன். அந்தப் பிள்ளை நல்ல பிள்ளை, கணினித் திரையைத் திருப்பியே காட்டியது. மேலே அசல் என்று ஒரு வரி. நான் கூடுதலாக ஒரு காசு கூடக் கட்டாவிட்டால் எவ்வளவு இருக்குமோ அதேதான் இருந்தது. கீழே 'அட்வான்ஸ்' என்று தனியாக ஒரு வரி, 14,400.

'அங்கிள், நீங்கள் எட்டு மாசத் தவணையை முன்கூட்டியே கட்டியிருக்கிறீர்கள்' என்றது. என்னைப் பாராட்டுகிறதாம்.

14,400 வெள்ளி நாலு வருஷமாக அங்கே சும்மா உட்கார்ந்திருக்கிறது. அசலும் குறையவில்லை, வட்டியும் குறையவில்லை. நான் வாங்கியது சாதா டேர்ம் லோன். கூடக் கட்டும் காசு அசலுக்குப் போக வேண்டுமென்றால் எழுதிக் கொடுக்க வேண்டுமாம். கையெழுத்துப் போட்ட அன்றைக்கு ஒருத்தரும் சொல்லவில்லை. எந்த பேங்க் என்று கேட்காதீர்கள், இப்போதும் அங்கேதான் கட்டிக்கொண்டிருக்கிறேன்.

லலிதா அத்தை, 10:21
அன்றைக்கு வீட்டுக்கு வந்து இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. என்னிடம் கூட காரணம் சொல்லவில்லை.

கவின், 10:24
மாமா, அப்படியென்றால் என்னுடையது என்ன வகை என்றே எனக்குத் தெரியாதே!

சேகர் சித்தப்பா, 10:33
நாளைக்கு அதைத்தான் முதலில் கேட்க வேண்டும். மூன்று வகை இருக்கும். அத்தானுடையது டேர்ம் லோன். செமி ஃபிளெக்ஸி என்றால் கூடக் கட்டுவது வட்டியைக் குறைக்கும், ஆனால் திருப்பி எடுக்க விண்ணப்பம் போட்டு கட்டணமும் கட்ட வேண்டும். ஃபுல் ஃபிளெக்ஸியில் லோனோடு ஒரு கரண்ட் அக்கவுண்ட் சேர்ந்து வரும். அதில் கிடக்கும் காசை அசலிலிருந்து கழித்துவிட்டு மிச்சத்துக்கு மட்டும் வட்டி போடுவார்கள். 20,000 வெள்ளி கிடந்தால் மாசம் 70 வெள்ளி வட்டி குறையும். வேண்டும்போது எடுத்துக்கொள்ளலாம். அந்தக் கணக்குக்கு மாசம் 10 வெள்ளி மாதிரி பிடிப்பார்கள். உன் அவசரக் காசு எங்கேயோ சேமிப்புக் கணக்கில் தூங்குவதற்கு இது மேல்.

தர்ஷினி, 10:38
ஈபிஎஃபில் (ஓய்வுக்காலச் சேமிப்பு நிதி) செஜாத்தெரா கணக்கிலிருந்து எடுத்து அசலைக் குறைக்கலாமே? வீட்டுக் கடனுக்கு எடுக்க விடுகிறார்கள்.

சேகர் சித்தப்பா, 10:42
விடுவார்கள். ஆனால் 2024-க்கு ஈபிஎஃப் கொடுத்த லாப ஈவு 6.30 விழுக்காடு. அவன் கடன் வட்டி 4.2. அங்கிருந்து எடுத்து இங்கே போட்டால் யாருக்கு லாபம்?

ராஜி, 10:50
தம்பி, கணக்கு சரிதான். ஆனால் அவன் அப்பா வேலையை விட்ட அன்றைக்கு எங்களுக்கு இன்னும் ஏழு வருஷக் கடன் இருந்தது. ஒவ்வொரு மாசமும் 25-ஆம் தேதி ஆனால் என் வயிற்றில் என்னவோ செய்யும். அந்த ஏழு வருஷத்தை எந்த விழுக்காட்டில் எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை.

சேகர் சித்தப்பா, 10:53
தெரியும் அண்ணி. அதனால்தான் அந்த 300-ஐ விடாதே என்கிறேன். ஈபிஎஃபைத் தொட வேண்டாம் என்பது மட்டும்தான்.

கவின், 11:02
இன்னொன்று. எம்ஆர்டிஏ, அந்தக் கடன் காப்புறுதி, 14,000 வெள்ளி. கையில் கட்ட வேண்டாம், லோனோடு சேர்த்துவிடலாம், தவணையில் 64 வெள்ளிதான் கூடும் என்றார்.

தர்ஷினி, 11:04
64 × 420 = 26,880.

மணியம் மாமா, 11:05
இந்தப் பெண்ணை பேங்கில் வேலைக்கு எடுக்கவே மாட்டார்கள்.

சேகர் சித்தப்பா, 11:11
முடிந்தால் கையிலிருந்து கட்டு. காப்புறுதி தேவைதான், நாளைக்கே உனக்கு ஒன்று ஆனால் கடன் அம்மா தலையில் விழக் கூடாது. ஆனால் எம்ஆர்டிஏ தொகை கடனோடு சேர்ந்து வருஷா வருஷம் குறைந்துகொண்டே போகும். தொகை குறையாத காப்புறுதியான எம்எல்டிஏவும் ஒரு விலை கேட்டுப் பார். அப்புறம் லாக்-இன் எத்தனை வருஷம் என்று பார், அதற்குள் மொத்தமாக அடைத்தால் அபராதம். முதல் வீடுதானே, முத்திரை வரி விலக்கு பற்றி லாயரிடம் கேள்.

ராஜி, 11:15
பராமரிப்புக் கட்டணம் யாரும் சொல்லவில்லையே?

கவின், 11:17
330 அம்மா. சிங்கிங் ஃபண்ட் (கட்டடத்தின் பெரிய பழுதுகளுக்கான சேமிப்பு) அதில் 10 விழுக்காடு, 33. வீட்டு வரி தனி.

லலிதா அத்தை, 11:20
2020-இல் ஆறு மாசம் தவணை கட்ட வேண்டாம் என்றார்களே, ஞாபகம் இருக்கிறதா? நானும் சந்தோஷமாக நிறுத்தினேன். வட்டி மட்டும் நிற்காமல் ஓடிக்கொண்டே இருந்தது. அதையும் இவனிடம் சொல்லிவையுங்கள்.

திங்கள்

கவின், மாலை 5:46
போய்விட்டு வந்தேன். மாமா கதைதான், கொடுத்தது டேர்ம் லோன். ஃபுல் ஃபிளெக்ஸிக்கு மாற்றலாமாம், வட்டி 4.25 ஆகும், தவணை 2,061. எம்ஆர்டிஏவைக் கையில் கட்டுகிறேன். லாக்-இன் மூன்று வருஷம்.

தர்ஷினி, 5:48
14 வெள்ளி கூட, கணக்குக்கு 10 வெள்ளி. கரண்ட் அக்கவுண்டில் 7,000 கிடந்தாலே அதற்குச் சரியாகிவிடும்.

மணியம் மாமா, 5:55
கூடக் கட்டுவது அசலிலிருந்து கழியுமா என்று எழுத்தில் வாங்கினாயா?

கவின், 5:56
வாங்கினேன் மாமா. அந்த அதிகாரி முதலில் சிரித்தார், அப்புறம் முத்திரையோடு கொடுத்தார். படம் அனுப்புகிறேன்.

மணியம் மாமா, 5:58
ஒரு ஃபைலில் போட்டு வை. நீல நிறம் வேண்டாம்.

பாட்டி, 6:10
(குரல் பதிவு, 0:22)

தர்ஷினி, 6:12
சமையல்கட்டு எந்தப் பக்கம் என்று இன்னும் யாரும் சொல்லவில்லையாம்.