உதவி: அம்மா போனில் 2.30 அலாரம் அடிக்கவே இல்லை, அவசரம்

நெல்லிக்குப்பம் பொண்ணு | வியாழன், இரவு 8.05

அம்மாவின் போனில் 2.30க்கு அலாரம் வைத்துக் கொடுத்துவிட்டு வந்தேன். மூன்று தடவை ஆகிவிட்டது, அடிக்கவில்லை. அலாரம் ஆனில்தான் இருக்கிறது, நானே பார்த்து வைத்தேன். நான் பாண்டியில் வேலை பார்க்கிறேன், அம்மா ஊரில் தனியாக இருக்கிறார். ஞாயிறுக்குள் சரியாக வேண்டும். தெரிந்தவர்கள் உடனே சொல்லுங்கள்.

சிப்காட் நைட் ஷிப்ட் | இரவு 8.11

2.30 என்றால் பகலா, ராத்திரியா? காலை ஆறு மணி ஷிப்ட்டுக்கு 4.30 என்று வைத்தேன், அது சாயங்காலம் 4.30 ஆக இருந்தது. அரை நாள் சம்பளம் போனது. அன்றிலிருந்து 24 மணிக் கணக்குக்கு மாற்றிவிட்டேன். அதில் ராத்திரி 02.30, பகல் 14.30. குழப்பமே வராது. முதலில் அதைப் பாருங்கள்.

ஓல்டு டவுன் ரிப்பேர் | இரவு 8.20

என்ன போன் மா? ஆண்ட்ராய்டு எத்தனை? போனோடு வந்த கடிகாரமா, தனியாகப் போட்ட ஆப்பா?

அதற்குள் ஒன்று பாருங்கள். ரிங் சத்தம் வேறு, பாட்டு சத்தம் வேறு, அலாரம் சத்தம் வேறு. கால் வந்தால் தெருவே கேட்கும்படி அடிக்கும் போனில் அலாரம் கோடு மட்டும் அடிமட்டத்தில் கிடக்கும். கடைக்கு வருகிற "அலாரம் அடிக்கல" போன்களில் பாதி இதுதான்.

முத்தியால்பேட்டை | இரவு 8.34

இதே கேள்விக்கு எத்தனையோ தடவை பதில் எழுதியிருக்கிறேன். தேடிப் பார்த்துவிட்டுக் கேட்கலாம். போன் எது என்றுகூடச் சொல்லாமல் கேட்பது, டாக்டரிடம் போய் "வலிக்குது" என்று மட்டும் சொல்லிவிட்டு உட்கார்ந்திருப்பதைப் போல.

காரணம் பேட்டரி சேமிப்புதான். 2015இல் ஆண்ட்ராய்டு 6 வந்தபோது டோஸ் என்று ஒன்றைக் கொண்டுவந்தார்கள். போன் அசையாமல் கிடந்தால் ஆப்களைத் தூங்க வைத்துவிடும். ராத்திரி முழுக்க தலைமாட்டில் கிடக்கிற போன் வேறென்ன செய்யும்? செட்டிங்ஸில் ஆப்கள், கடிகாரம், பேட்டரி, அங்கே கட்டுப்பாடு இல்லை என்று மாற்றுங்கள். முடிந்தது.

நெல்லிக்குப்பம் பொண்ணு | இரவு 9.02

மன்னிக்கணும் சார், அவசரத்தில் எழுதிவிட்டேன். ஒன்பதாயிரம் ரூபாய் போன், ஆண்ட்ராய்டு 14, போனோடு வந்த கடிகாரம்தான். ராத்திரி 2.30தான், இரண்டு தடவை பார்த்தேன். சத்தம் முழுசாக இருக்கிறது, வீடியோ காலில் இப்போதுதான் அம்மாவைக் காட்டச் சொல்லிப் பார்த்தேன்.

அம்மா மீன் விற்கிறார். கடலூர் துறைமுகத்தில் ஏலம் எடுத்துவர நாலு பேர் சேர்ந்து ஒரு குட்டியானை பேசியிருக்கிறார்கள். 3 மணிக்குத் தெருமுனைக்கு வரும், நிற்காது. வண்டியை விட்டால் பஸ் பிடித்துப் போவதற்குள் நல்ல மீனெல்லாம் கைமாறிவிடும். ஜூன் 14 வரை 61 நாள் தடைக்காலம், வருமானமே இல்லை. இப்போதுதான் மறுபடி ஆரம்பித்தார், அதற்குள் இப்படி. நேற்று நாலரைக்கு எழுந்து அழுதுகொண்டே எனக்குப் போன் செய்தார்.

வில்லியனூர் | இரவு 9.25

முத்தியால்பேட்டை அண்ணன் சொன்னதில் ஒரு திருத்தம். டோஸ் எல்லாவற்றையும் தூங்க வைக்கும், கடிகார அலாரத்தை மட்டும் விட்டுவிடும். அலாரத்துக்கென்று தனி வழி வைத்திருக்கிறார்கள். அந்த வழியில் போட்ட அலாரத்துக்கு நேரம் நெருங்கும்போது போன் தானாக விழித்துக்கொள்ளும். மேல் பட்டையில் குட்டி கடிகாரப் படம் தெரிகிறதா பாருங்கள். தெரிந்தால் அலாரம் போனில் பதிவாகியிருக்கிறது என்று அர்த்தம்.

தனியாகப் போட்ட ஆப் என்றால் வேறு கதை. ஆண்ட்ராய்டு 12இலிருந்து "அலாரங்களும் நினைவூட்டல்களும்" என்று தனி அனுமதி இருக்கிறது. 14இல் புதிதாகப் போடும் பல ஆப்களுக்கு அது தானாகக் கிடைக்காது, நாம்தான் போய்க் கொடுக்க வேண்டும். போனோடு வந்த கடிகாரத்துக்கு அந்தத் தொல்லை இல்லை.

முத்தியால்பேட்டை | இரவு 9.31

புத்தகத்தில் இருப்பது வேறு, கையில் இருக்கும் போன் வேறு தம்பி. விலை குறைந்த போன்களில் கம்பெனிக்காரர்கள் அவர்கள் பங்குக்கு ஒரு பேட்டரி காவல்காரனை வைத்திருப்பார்கள். அவன் யாரையும் விடமாட்டான். நான் பத்து வருஷமாகப் பார்க்கிறேன்.

வில்லியனூர் | இரவு 9.36

அவன் வெளியிலிருந்து வந்த ஆப்களைத்தான் அடிப்பான் அண்ணா. சொந்தக் கடிகாரத்தையே கொன்றால் அந்த போனை யார் வாங்குவார்கள்?

ஓல்டு டவுன் ரிப்பேர் | இரவு 9.50

ராத்திரி அப்டேட் ஆகி போன் தானாக ரீஸ்டார்ட் ஆகிறதா என்றும் பாருங்கள். ரீஸ்டார்ட் ஆனபிறகு ஒருதரம் பூட்டைத் திறக்கும்வரை பல ஆப்கள் எழுந்திருக்காது. கடிகாரம் பெரும்பாலும் சமாளித்துவிடும், ஆனால் நாம் ஏற்றிவைத்த பாட்டை அலாரச் சத்தமாக வைத்திருந்தால் அந்தப் பாட்டு கிடைக்காமல் போகலாம். அம்மாவுக்கு சாமி பாட்டு எதுவும் வைத்துக் கொடுத்தீர்களா?

நெல்லிக்குப்பம் பொண்ணு | இரவு 10.04

இல்லை அண்ணா, போனில் இருந்த மணிச் சத்தம்தான். மேலே கடிகாரப் படம் தெரிகிறது. பேட்டரியையும் சார் சொன்னபடி மாற்றிவிட்டோம். தடைக்காலத்துக்கு முன்னால் இந்தத் தொந்தரவே இல்லை, பக்கத்து வீட்டுப் பையன் படுக்கும் முன் வந்து வைத்துவிட்டுப் போவான். அவன் படிக்க வெளியூர் போய்விட்டான். அதனால் வாராவாரம் தானாக அடிக்கும்படி நான் போன வாரத்துக்கு முந்தின ஞாயிறு வைத்துக் கொடுத்தேன்.

பரங்கிப்பேட்டை | வெள்ளி, 12.22

தங்கச்சி, எந்தெந்தக் கிழமை வைத்தீர்கள்? தவறியது எந்தெந்தக் கிழமை? வேண்டாத நாளில் எப்போதாவது அடித்ததா என்று அம்மாவிடம் கேளுங்கள். இதை யாரும் இன்னும் கேட்கவில்லை.

நெல்லிக்குப்பம் பொண்ணு | வெள்ளி, காலை 6.40

செவ்வாய், சனி. அம்மா "செவ்வாக்கிழமை ராத்திரியும் சனிக்கிழமை ராத்திரியும் வண்டி வரும்" என்றார், அப்படியே வைத்தேன். புதனும் ஞாயிறும்தான் எங்கள் பக்கம் மீன் ஓடும். தவறியது இரண்டு புதன், ஒரு ஞாயிறு.

இப்போது அம்மாவிடம் கேட்டேன். சனிக்கிழமை விடியற்காலையில் அடித்ததாம்! செவ்வாயும் அடித்ததாம். "அது பாட்டுக்குக் கண்ட நாள்ல கத்துது, போன் கெட்டுப்போச்சுன்னு அணைச்சிட்டுப் படுத்தேன்" என்கிறார். என்னிடம் சொல்லவே இல்லை.

பரங்கிப்பேட்டை | வெள்ளி, காலை 6.58

போன் கெடவில்லை. அம்மா சொன்னதும் சரி, நீங்கள் வைத்ததும் அம்மா சொன்னபடிதான். போனுக்கு ராத்திரி 12 அடித்தால் கிழமை மாறிவிடும். அம்மாவுக்கு விடிந்தால்தான் மாறும். அம்மாவின் சனிக்கிழமை ராத்திரி 2.30 போனுக்கு ஞாயிறு 2.30. நேற்று நான் எழுதியதற்கு மேலே பாருங்கள். நான் இன்னும் படுக்கக்கூட இல்லை, எனக்கு அது வியாழன் ராத்திரி. அங்கே வெள்ளி என்று போட்டிருக்கிறது.

பக்கத்து வீட்டுப் பையன் அன்றன்றைக்கு வைத்தான், அதில் கிழமையே கிடையாது, அடுத்து வரும் 2.30க்கு அடிக்கும். அதனால்தான் அப்போது தவறவில்லை. செவ்வாய், சனியை எடுத்துவிட்டு புதன், ஞாயிறு வையுங்கள்.

சிப்காட் நைட் ஷிப்ட் | வெள்ளி, காலை 7.15

ரயில் டிக்கெட்டிலும் இதே கதை. நள்ளிரவு 12.20க்கு ஞாயிறு தேதி போட்டிருந்தால் சனிக்கிழமை ராத்திரியே திருப்பாதிரிப்புலியூர் ஸ்டேஷனில் இருக்க வேண்டும். என் மச்சான் குடும்பத்தோடு ஞாயிறு ராத்திரி போய் நின்றார்.

ஓல்டு டவுன் ரிப்பேர் | வெள்ளி, காலை 9.40

அம்மா கணக்குதான் நம் கணக்கு. பஞ்சாங்கத்தில் சூரிய உதயத்திலிருந்து அடுத்த உதயம் வரை ஒரு கிழமை, 60 நாழிகை. நாழிகைக்கு 24 நிமிடம். 12 மணிக்கு நாள் மாறுவது வெள்ளைக்காரன் கொடுத்தது.

வில்லியனூர் | வெள்ளி, காலை 9.52

ஜாதகத்துக்கு அது சரி. பள்ளிக்கூடம், பேங்க், ரயில் எல்லாம் 12 மணிக் கணக்கில் ஓடும்போது போன் மட்டும் பஞ்சாங்கம் பார்த்தால் எப்படி?

பரங்கிப்பேட்டை | வெள்ளி, காலை 10.10

எங்கள் வீட்டில் மூன்றாவது கணக்கு. மக்ரிப் ஆனால், அதாவது சூரியன் மறைந்து தொழுகை நேரம் வந்தால், மறுநாள். வெள்ளி இரவு என்று பெரியம்மா சொன்னால் அது வியாழன் ராத்திரி. அதனால்தான் எனக்குக் கிழமை மேல் சந்தேகம் வந்தது. எது சரி என்ற பேச்சு வேண்டாம், யார் எந்தக் கணக்கில் சொல்கிறார் என்று கேட்டு வைத்தால் போதும்.

ஓல்டு டவுன் ரிப்பேர் | வெள்ளி, காலை 10.25

எது சரி என்று பேசாமல் எப்படி? இரண்டாயிரம் வருஷமாக உதயத்தை வைத்து எண்ணிய ஊர் இது.

முத்தியால்பேட்டை | வெள்ளி, காலை 11.05

கேள்வியை விட்டு எங்கேயோ போய்விட்டீர்கள். கிழமையை மாற்றட்டும், பேட்டரி அமைப்பும் மாற்றியபடியே இருக்கட்டும். மாற்றியதும் அலாரத்தை ஒருதரம் அணைத்துவிட்டு மறுபடி ஆன் செய்யச் சொல்லுங்கள். இன்னும் எத்தனை மணி நேரத்தில் அடிக்கும் என்று கீழே சில நொடி வரும். சனி ராத்திரி 9 மணிக்குச் செய்தால் 5 மணி 30 நிமிடம் என்று வர வேண்டும். அதைவிட அதிகமாக நாள் கணக்கில் வந்தால் கிழமை இன்னும் தப்பு. முதலிலேயே இதைச் செய்திருந்தால் தெரிந்திருக்கும்.

நெல்லிக்குப்பம் பொண்ணு | வெள்ளி, இரவு 9.15

வீடியோ காலில் மாற்றிவிட்டோம். போன் தமிழில் இருப்பதால் ஞா, தி, செ, பு, வி, வெ, ச என்று வட்டம் வட்டமாக இருக்கிறது. அம்மா கண்ணாடி இல்லாமல் "செ"யையும் "ச"வையும் மாற்றி மாற்றி அழுத்தி, பத்து நிமிடம் ஆனது. கடைசியில் "ஞா"வும் "பு"வும் மட்டும் நிறம் மாறியிருப்பதைத் திரைக்குப் பக்கத்தில் விரல் வைத்துக் காட்டினார். நாளை ராத்திரி சார் சொன்னபடி அணைத்து ஆன் செய்து பார்க்கிறோம்.

சிப்காட் நைட் ஷிப்ட் | வெள்ளி, இரவு 9.30

அந்த நாலு பேரில் ஒருவரை ஞாயிறு மட்டும் போன் அடிக்கச் சொல்லி வையுங்கள் மா. எதற்கும் ஒரு கையிருப்பு.

நெல்லிக்குப்பம் பொண்ணு | ஞாயிறு, காலை 5.50

அடித்தது. வண்டியில் ஏறிவிட்டார். இரண்டு கூடை சங்கரா கிடைத்ததாம். எல்லோருக்கும் நன்றி.

முத்தியால்பேட்டை | ஞாயிறு, காலை 8.15

சரி. புதனும் பார்த்துவிட்டு ஒரு வரி எழுதுங்கள்.

சிப்காட் நைட் ஷிப்ட் | வியாழன், காலை 7.00

நேற்று அடித்ததா மா?