கே. எம். மாணியின் வக்கீல் நாட்கள்: விவரம் தெரிந்தவர்கள் உதவுங்கள்

வணக்கம். சிற்றூர் நீதிமன்றத்திலிருந்து சட்டமன்றத்துக்குப் போனவர்களைப் பற்றி ஒரு கட்டுரை எழுதுகிறேன். கேரளத்தின் முன்னாள் நிதியமைச்சர் கே. எம். மாணியிடம் வந்து நின்றுவிட்டேன். சென்னையில் சட்டம் படித்தவர். 1965-இல் பாலா தொகுதியில் வென்றார். எவருக்கும் பெரும்பான்மை கிடைக்காததால் அந்த அவை அமையவே இல்லை. 1967-இல் மீண்டும் வென்றவர், 2019-இல் இறக்கும்வரை அந்தத் தொகுதியைக் கைவிடவில்லை. 13 நிதிநிலை அறிக்கைகள்! கடைசி அறிக்கையை 2015-இல், பெரும் அமளிக்கு நடுவே தாக்கல் செய்தார்.

இதெல்லாம் எங்கும் கிடைக்கிறது. எனக்கு வேண்டியது அவருடைய வக்கீல் வாழ்க்கை. குமாஸ்தா நீட்டிய வழக்குக்கட்டைப் பிரித்து, சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்த பழக்கம், மசோதாவை வரிவரியாக விவாதித்தபோது எப்படி வெளிப்பட்டது? இதைச் சொல்லாமல் அவரைப் பற்றி எழுதுவது அரைகுறை வேலை என்றே நினைக்கிறேன்.

அக்காலத்தில் பாலாவில் வழக்காடிய மூத்தவர்களை அறிந்தவர்கள் சொல்லுங்கள். சட்டமன்ற நடவடிக்கைக் குறிப்புகளில் எந்த ஆண்டு விவாதங்களை முதலில் படிக்கலாம்? மலையாளம் எழுத்துக்கூட்டித்தான் படிப்பேன். சில பக்கங்களை உடனிருந்து படித்துச் சொல்ல யாராவது முன்வந்தால் மிகவும் நன்றியுடையவனாக இருப்பேன்.