மணல் ஏற்றிய டிராக்டரைப் பறிமுதல் செய்யும் அதிகாரம் யாருக்கு? விளக்கம் தேவை

குழுவில் உள்ள வழக்கறிஞர்களுக்கும் வருவாய்த் துறையில் பணியாற்றிய பெரியவர்களுக்கும் வணக்கம்.

காவிரிக் கரையில் உள்ள எங்கள் ஊரில், உறவினர் ஒருவரின் டிராக்டரை, அனுமதிச் சீட்டின்றி மணல் ஏற்றியதாகக் கூறி அதிகாரிகள் கொண்டு சென்றுவிட்டனர். எழுத்துப்பூர்வமான உத்தரவு எதுவும் தராமல், வண்டி இனி அரசுக்கே சொந்தம் என்று வாய்மொழியாகச் சொல்கிறார்கள்.

1957ஆம் ஆண்டின் சுரங்கங்கள், கனிமங்கள் (மேம்பாடு, ஒழுங்குமுறை) சட்டத்தின் 21(4) பிரிவு, அதிகாரம் பெற்ற அலுவலர் வண்டியைக் கைப்பற்ற இடமளிக்கிறது. ஆனால் அதன் உரிமையை முழுமையாகப் பறித்து உத்தரவிடுவது, 21(4ஏ) பிரிவின்படி, அக்குற்றத்தை விசாரிக்கும் அதிகாரமுள்ள நீதிமன்றம்தான். அந்த நீதிமன்றமும், 22ஆம் பிரிவின்படி, அதிகாரம் பெற்றவர் எழுத்தில் புகார் அளித்தால் மட்டுமே இச்சட்டத்தின் கீழ் வழக்கை ஏற்கலாம். மணலைத் திருடியதற்கான தண்டனைச் சட்ட வழக்கு இதிலிருந்து தனியானது என்று உச்ச நீதிமன்றம் 2014இல் கூறியிருப்பதையும் அறிவேன்.

மணல் கொள்ளையை நான் ஆதரிக்கவில்லை. ஆற்றை நம்பியே எங்கள் கிணறுகள் இருக்கின்றன. தவறு நடந்திருந்தால் தண்டனை வரட்டும், அது சட்டப்படி வரவேண்டும்.

புகார் இன்னும் நீதிமன்றத்துக்குப் போகாத நிலையில், வண்டியை இடைக்காலமாக மீட்க எந்த நீதிமன்றத்தில் மனுச் செய்வது? 23ஏ பிரிவின்படி தொகை செலுத்திச் சமரசமாக முடிக்குமாறு அலுவலர் கட்டாயப்படுத்த முடியுமா? இத்தகைய வழக்கை நடத்தியவர்கள், தீர்ப்பின் நகல் இருந்தால் பகிர்ந்து உதவுமாறு கேட்டுக்கொள்கிறேன்.